பட்டினத்தடிகள் சரித்திரமும் மருதவாணர் வரவும்

பட்டினத்தடிகள் என்னும் பெயரைச் சொன்ன மாத்திரத்தே நம்நாட்டுச் சிறுவர் காதற்ற ஊசியை நினைப்பர். முதியோர் சுடுகாட்டை நினைப்பர். சைவபாடசாலைகளிலே சமயபாடம் நடத்தும் ஆசிரியர்களுட் பலர் இவ்விரண்டுக்கும் இடையே அகப்பட்டு இடர்ப்படுகின்றனர். இளம்பிள்ளைகளுக்கு யாக்கை நிலையாமையை எங்ஙனம் எடுத்துரைப்பது, பெண்பிள்ளைகளும் உடனிருக்கும் வகுப்பிலே மாதரை இகழும் பாடல்களை எங்ஙனம் படிப்பிப்பது என்று மயங்கி, அடிகள் சரித்திரத்தை இரண்டொரு வாக்கியத்திலே முடித்துவிட்டு அப்பாற் செல்வாரும் உளர். யாமும் ஒருகாலத்தில் அவ்வாறே செய்துவந்தேம். ஒருநாள் வகுப்பிலே ஒரு சிறுவன் எழுந்து, ஊசியைக் கொடுத்த அந்தப் பிள்ளை பின்பு எங்கே போனது என்று வினாவினான். அதற்கு விடை எம்மிடம் இல்லை. அன்று மாலையே சரித்திரத்தை மீண்டும் எடுத்து, அந்தப் பிள்ளையைத் தேடிப் படிக்கத் தொடங்கினேம். அவ்வாறு படித்ததன் பயனே இவ்வியாசம்.

சரித்திரத்துட் புகுமுன் ஒன்று சொல்லற்பாலது. பட்டினத்தார் என்னும் பெயர் பூண்டோர் ஒருவரல்லர் என்பது ஆராய்ச்சியாளர் பலர்க்கும் உடன்பாடு. பதினோராந் திருமுறையிலே கோயினான்மணிமாலை, திருக்கழுமல மும்மணிக்கோவை, திருவிடைமருதூர் மும்மணிக்கோவை, திருவேகம்பமுடையார் திருவந்தாதி, திருவொற்றியூர் ஒருபா ஒருபஃது என்னும் 5 பிரபந்தங்களைப் பாடியருளிய பட்டினத்துப்பிள்ளையார் ஒருவர். அவற்றுள் இடைமருதூர் மும்மணிக்கோவை வரகுண பாண்டியருடைய பத்தித்திறத்தை எடுத்துப் புகழ்கின்றது. வரகுணர் எனப் பெயரிய பாண்டியர் 9 ஆம் நூற்றாண்டில் அரசு புரிந்தோராதலின், அதனைப் பாடினவர் அதற்கு முற்பட்டவராதல் இயலாது. திருமுறை வகுத்த நம்பியாண்டார் நம்பிக்குப் பிற்பட்டவராதலும் இயலாது. ஆகவே அவர் காலம் 10 ஆம் நூற்றாண்டை ஒட்டியது எனக் கொள்வர். பாமரரும் பாடத்தக்க எளிய நடையிலே நிலையாமையைப் பேசும் பாடல்களோ நடையாலும் பொருளாலும் பல நூற்றாண்டு பிற்பட்டவை; அவற்றைப் பாடினவர் வேறொருவர் என்ப. உலக வழக்கு இருவரையும் ஒருவராக்கி ஒரு சரித்திரம் வகுத்துக்கொண்டது. புராணமாகவும் செவிவழிக் கதையாகவும் வந்த அச்சரித்திரத்தையே ஈண்டு வரைகின்றேம். இதனைக் கல்வெட்டுப்போற் கொள்ளாது, நம் முன்னோர் ஒரு பெரியாரைப்பற்றி எதனை நினைவில் வைக்க விரும்பினர் என்பதற்குச் சான்றாகக் கொள்க.

காவிரி கடலொடு கலக்குமிடத்தே அமைந்தது காவிரிப்பூம்பட்டினம். சங்கநூல்களிலே புகழ்பெற்ற துறைமுகம் அது. அந்நகரத்து வணிகர் பிறர்பொருளையும் தம்பொருள்போல மதித்து, கொள்ளும்போது மிகுதியாய்க் கொள்ளாமலும் கொடுக்கும்போது குறைத்துக் கொடாமலும் வாணிகஞ் செய்தார்கள் என்று பட்டினப்பாலை அவர்களைச் சிறப்பிக்கின்றது. 1960 ஆம் ஆண்டுகளில் அதனை அடுத்த கீழையூரிலே நிகழ்த்திய அகழ்வாய்வில், செங்கல்லாற் கட்டிய பழைய படகுத்துறை ஒன்று வெளிப்பட்டது. அடிகள் காலத்திலே அந்நகரின் பழம்பெருமை பெரிதுங் குன்றியிருத்தல் வேண்டும். ஆயினும் கதை கூறுவோர் அதனைச் செல்வங் கொழிக்கும் பட்டினமாகவே காட்டுவர்.

அப்பட்டினத்திலே சிவநேசச் செட்டியார்க்கும் ஞானகலை அம்மையார்க்கும் மகனாய்ப் பிறந்தவர் அடிகள். அயலிலுள்ள திருவெண்காட்டுப் பெருமானை வழிபட்டுப் பெற்ற பிள்ளையாதலின் திருவெண்காடர் என்று பெயரிட்டனர். குபேரனே பூவுலக வாழ்வை விரும்பி அவராய் வந்து பிறந்தான் என்று புராணம் உரைக்கும். தந்தையார் இளமையிலேயே தேகவியோகமாக, மரக்கலங்களும் பண்டசாலைகளும் கணக்கரும் நிறைந்த பெருவாணிகம் அவர் கைக்கு வந்தது. சிவகலை என்னும் நற்குணமுடைய பெண்ணை மணந்தார். அடியார்க்கு அன்னமளித்தார், ஆலயங்களுக்கு வேண்டுவன செய்தார். பின்னாளிலே துறவியாதற்காக முன்னாளிலே பாவியாயிருந்தார் என்று சிலர் கதையைத் திரித்துக் கூறுவதுண்டு. அஃது ஆதாரமற்றது. திருவெண்காடர் கொடியரல்லர், உலோபியுமல்லர். தராசு பிழைக்காத நல்ல வணிகர். இதனை ஆசிரியர்கள் பிள்ளைகளுக்கு அழுத்திச் சொல்லவேண்டும். ஏனெனின் பின்வருவதன் அருமை இதிலேதான் அடங்கியுள்ளது.

ஆண்டுகள் கழிந்தும் அவர்க்குப் பிள்ளைப்பேறு வாய்க்கவில்லை. நாயகனும் நாயகியும் தலங்கள்தோறுஞ் சென்று வேண்டினர்.

இது நிற்க. காவிரியின் தென்கரையிலே, கும்பகோணத்துக்குக் கிழக்கே, திருவிடைமருதூர் இருக்கின்றது. மருதமரமே தலவிருட்சமாகலின் மத்தியார்ச்சுனம் என்றும் பெயர். அங்கே சிவசருமர் என்னும் அந்தணரும் அவர் மனைவி சுசீலையும் வாழ்ந்தனர். இருந்த பொருளையெல்லாம் அடியார் பூசைக்கே செலவிட்டு, உடுக்கும் துணிக்கும் வழியின்றி வறுமையுற்றனர். ஓரிரவு இறைவன் அவர் கனவிலே தோன்றி, கோயிலின்பால் மரநிழலிலே ஒரு குழந்தை கிடக்கும், அதனை எடுத்துச்சென்று காவிரிப்பூம்பட்டினத்துத் திருவெண்காடரிடம் கொடுத்து அதன் நிறைக்குப் பொன் பெற்றுக்கொள்க எனப் பணித்தருளினார். விடிந்தபின் சென்று பார்த்தபோது மரத்தடியிலே ஓர் ஆண்குழந்தை கிடந்தது. யார் பெற்ற பிள்ளை என்று அறிவாரில்லை, தேடி வருவாருமில்லை.

அக்குழந்தையை எடுத்துக்கொண்டு அவ்விருவரும் பட்டினஞ் சேர்ந்தனர். திருவெண்காடர்க்கும் அத்தகைய கனவு நிகழ்ந்திருந்தது என்பர். அவர் மகிழ்ந்து, தராசின் ஒரு தட்டிலே குழந்தையைக் கிடத்தி மற்றத் தட்டிலே பொன்னைக் குவித்து, நிறை ஒத்தபின் அப்பொன்னை அந்தணர்க்குக் கொடுத்தனுப்பினார். வறியவரின் வறுமை தீர்ந்தது. மலடி என்னும் பழிச்சொல் சிவகலை அம்மையாரை விட்டு நீங்கிற்று. இருதிறத்தார்க்கும் ஆதாயமான வாணிகம். திருவெண்காடர் தம் வாழ்நாளிலே செய்த வாணிகங்களுள் இதுவே சிறந்தது என்று அன்று அவர் எண்ணியிருத்தல் கூடும். ஒரு பிள்ளையைத் தராசிலே நிறுத்து வாங்கிய மனிதர், அப்பிள்ளையின் வாயிலாகவே தராசினை எறியும் நிலைக்கு வருவார் என்று யார் கண்டார்?

இடைமருதிலே கிடைத்த பிள்ளையாதலின் மருதவாணர் என்று பெயரிட்டு வளர்த்தனர். அப்பெயர் அத்தலத்து இறைவனுக்கே உரியது. பிள்ளை கல்வி கற்றது, கணக்கும் கற்றது, வாணிகப்பருவம் எய்தியபின் மற்றை வணிகர் பிள்ளைகளோடு கடல்கடந்து சென்று பொருளீட்டிவரும்படி தந்தையார் மரக்கலமேற்றி விடுத்தார். சென்ற தேயம் இன்னதென்பதிற் கதை கூறுவோர் வேறுபடுவர். அதனை ஆராய்வதாற் பயனில்லை.

உடன்சென்ற இளைஞர் தத்தம் அறிவுக்கேற்பப் பொன்னும் மணியும் அருஞ்சரக்கும் கொண்டனர். மருதவாணரோ கைமுதல் முழுவதையும் கொடுத்து வறட்டியும் தவிடும் வாங்கி மரக்கலத்திலே ஏற்றினார். சாணத்தைத் தட்டி உலர்த்திய வறட்டியை அயல்நாட்டிலிருந்து மரக்கலத்திலே கொண்டுவருவாருண்டோ? கண்டோர் நகைத்தனர். பெருவணிகர் மகனுக்குப் பித்தம் என்று பேசினர். அவர் ஒன்றுஞ் சொல்லவில்லை.

திரும்பும் வழியிலே காற்று மாறிற்று. மரக்கலங்கள் திசைதப்பிப் பலநாட் கடலிலே அலைந்தன. பொன் கொண்டவரும் மணி கொண்டவரும் அடுப்பெரிக்க விறகின்றித் தவித்தனர். பச்சையரிசியை எத்தனைநாள் உண்பது? அப்போது எல்லாருடைய கண்ணும் வறட்டிமேல் விழுந்தது. மருதவாணர் மறுக்கவில்லை, விலையுங் கேட்கவில்லை. தாம் கொடுத்த வறட்டிக்கு ஈடாக, மீதமிருக்கும் வறட்டியை ஒத்ததையே ஊர் சேர்ந்தபின் தருவதாக முறி எழுதித் தரும்படி மாத்திரம் கேட்டார். கரைசேர்ந்தபின் மாட்டுத்தொழுவத்திலே ஒரு கூடை பொறுக்கிக் கொடுத்தாற் கடன் தீர்ந்தது என்று எண்ணி, உள்ளுக்குள்ளே நகைத்துக்கொண்டு யாவரும் எழுதிக் கொடுத்தனர். பேதையை ஏமாற்றினோம் என்பது அவர்கள் நினைவு. ஊர் சேர்ந்தபின்னரே, மீதமிருந்த வறட்டியை உடைத்தபோது ஒவ்வொன்றினுள்ளும் மாணிக்கம் இருந்தது, தவிட்டு மூடையிலே பொற்பொடி இருந்தது என்று சரித்திரம் கூறும். முறி எழுதியவர் முகம் எவ்வாறு ஆயிற்றென்பதை அது கூறவில்லை. வகுப்பிலே இவ்விடத்தைச் சொல்லும்போது பிள்ளைகள் சிரிப்பர், சிரிக்க விடுக.

இங்கே யாம் நெடுநாள் கவனியாதிருந்த ஒன்று உண்டு. வறட்டி யாது? பசுவின் சாணம். அதனைச் சுட்டால் ஆவது யாது? திருநீறு. நாடோறும் நெற்றியிலே மூன்று குறியாக அணிந்து கொள்ளும் பொருளின் முன்னிலையே அம்மரக்கலத்தில் நிறைந்திருந்தது. சிவநேசர் மகனும் வெண்காட்டுப் பெருமானின் அடியருமாகிய திருவெண்காடர்க்கு அது வறட்டியாய்த் தோன்றிற்றேயன்றி நீறாய்த் தோன்றவில்லை. இக்கருத்தைப் புராணஞ் செய்தார் வெளிப்படையாய்க் கூறினரோ இல்லையோ, சைவப்பிள்ளைகளுக்கு இதனைச் சுட்டிக்காட்டாது விடுதல் தகாது.

மரக்கலம் வந்தது, வறட்டியும் தவிடும் வந்தன என்னும் செய்தி முதலிலே தந்தையார் செவிக்கு எட்டிற்று. மாணிக்கத்தின் செய்தி எட்டவில்லை. அவர் கோபித்தார். நிறைக்குப் பொன் கொடுத்து வாங்கிய பிள்ளை, முதலையும் அழித்து நகைப்புக்கும் இடமாக்கிவிட்டதே என்று மனங்கொதித்தார். ஊராருள்ளே அந்த அந்தணரையுஞ் சந்தேகித்துப் பேசினார் இருந்திருப்பர் போலும். பிள்ளையைக் கடிந்து ஓர் அறையிலே அடைத்துவைத்தார் என்று ஒருசாரார் கூறுவர். பின்பு வறட்டியை எடுத்து எறிய, அஃது உடைந்து மணிகள் சிதறின. தாம் செய்ததை உணர்ந்து விரைந்து ஓடிவந்து கதவைத் திறந்தார். பிள்ளை அங்கில்லை.

தாயாரிடம் ஒரு சிறு பேழையைக் கொடுத்து, தந்தையார் வந்தபின் கொடுக்கும்படி சொல்லிவிட்டுப் போனதாகத் தெரிந்தது. திறந்து பார்த்தார். காதற்ற ஓர் ஊசி, இற்றுப்போன நூற்றுண்டு, எத்துணைப் பொருள் ஈட்டினும் இறக்கும்நாளிலே இவ்வளவேனும் உடன்வாராது என்னுங் கருத்தமைந்த ஓர் ஓலை.

ஓலையைப்பற்றி எல்லாரும் பேசுவர். யாம் ஊசியைப்பற்றியே சில சொல்ல விரும்புகின்றேம். ஒரு வணிகர் வீட்டிலே கணக்கில் எழுதப்படாத பொருள் அரிது. உடைந்த பாத்திரமும் செம்பு விலைக்குப் போகும். கந்தலுக்கும் கொள்வோர் உண்டு. காதற்ற ஊசியோ தைக்க உதவாது. இரும்பு விலைக்கும் ஆகாது. எந்தக் கணக்கன் ஏட்டிலும் ஏறாது. மாணிக்கத்தை மறைத்துக் கொண்டுவந்த பிள்ளை, மாணிக்கத்தைப் பேழையில் வைக்கவில்லை. திருவெண்காடர் அன்றுவரை தாம் உடையர் என்று எண்ணிய யாவற்றையும் ஒரு தட்டிலும் அந்த ஊசியை மறுதட்டிலும் வைத்து நிறுத்துப் பார்த்திருப்பார். நிறுக்கும் பழக்கம் உடையவரன்றோ? அவருடைய துறவு அழுகையினாலோ அச்சத்தினாலோ வந்ததாக எமக்குத் தோன்றவில்லை. கணக்குப் பார்த்து, பிழையைக் கண்டு, ஏட்டை மூடிய மனிதரின் துறவாகவே தோன்றுகின்றது.

அன்னை அழுதார்; மனைவி அழுதார்; சுற்றத்தார் தடுத்தனர். அவர் கோவணத்தோடு வெளியேறினார். தலைமைக் கணக்கராயிருந்த சேந்தனாரை அழைத்து, பண்டசாலையைத் திறந்து யாவரும் வேண்டியதை எடுத்துக்கொள்ள விடும்படி பணித்தார். அவ்வாறு செய்தமையால், பெருஞ்செல்வத்தைக் கணக்கன் அபகரித்தான் என்று யாரோ கோட்சொல்ல, அரசன் சேந்தனாரைச் சிறையிலிட்டான் என்றும், அடிகள் வெண்காட்டுப் பெருமானை வேண்ட அவர் சிறை நீங்கினார் என்றும் கூறுவர். ஒன்பதாந் திருமுறையிலே திருப்பல்லாண்டு பாடிய சேந்தனார் இவரே என்பது வழக்கு. ஆராய்ச்சியாளருள் இதனை ஒப்பாதாரும் உளர்.

செல்வர் துறந்தால் வேற்றூர்க்குப் போவது உலகவழக்கு. அடிகளோ தம் மரக்கலங்கள் நின்ற அதே பட்டினத்திலே, தம்மிடம் கைகட்டி நின்றோர் வீட்டு வாயிலிலே பிச்சை ஏற்றார். சுற்றத்தார்க்கு அது பெரும் நாணமாயிற்று. அவருடைய தமக்கையார், குலத்தின் மானம் போயிற்றே என்று, அப்பத்திலே நஞ்சு கலந்து கொடுத்தார். அடிகள் அதனை அறிந்து, உண்ணாமல், அவ்வீட்டின் கூரைமேலே எறிந்தார், கூரை தீப்பற்றிற்று. இந்நிகழ்ச்சியைச் சொல்லும்போது தமக்கையாரைப் பேயாகச் சித்திரிப்பது வழக்கமாகிவிட்டது. அஃது அவ்வளவு நன்றன்று. மானத்துக்கு அஞ்சி உறவினரை மறைக்கவும் ஒதுக்கவும் முயல்வார் எல்லா ஊரிலும் உளர். அந்த அம்மையார் செய்தது கொடுமையே. ஆயினும் அக்கொடுமை வேற்றுலகத்தது அன்று.

தாயாரின் செய்தி வேறு. துறந்துபோகும் மகனிடம், தம் ஈமக்கடனை மாத்திரம் அவரே செய்யவேண்டும் என்று ஞானகலை அம்மையார் வாக்குறுதி பெற்றுக்கொண்டார். அடிகள் ஒரு முடிப்பைத் தாயின் இடையிலே கட்டி, அது தானாக அவிழும் நாளிலே தாம் வந்து சேர்வதாகச் சொல்லிப் போயினர். அவ்வாறே நிகழ்ந்தது. சுற்றத்தார் உலர்ந்த விறகை அடுக்கியிருந்தனர். அடிகள் வந்து அவ்விறகை நீக்கிவிட்டு, பச்சை வாழைமட்டையை அடுக்கி அதன்மேலே தாயைக் கிடத்திப் பாட, அது பற்றியெரிந்தது என்பது சரித்திரம். பத்துமாதஞ் சுமந்ததும், பாலூட்டியதும், தொட்டிலிலும் தோளிலும் வைத்துத் தாலாட்டியதும் நினைந்து அவர் பெயரால் வழங்கும் அப்பாடல்கள், கல்நெஞ்சரையும் கரையச் செய்வன. துறவி தாய்க்குக் கொள்ளிவைத்தார் என்பது சங்கராசாரியார் வரலாற்றிலும் சொல்லப்படுகின்றது. யாவற்றையும் விட்டவர் இதனை மாத்திரம் விடவில்லை.

மாதரை இகழும் பாடல்களால் இடர்ப்படும் ஆசிரியர்க்கு யாம் சொல்லத்தக்கது இது. அவற்றுள் எவை யார் பாடியன என்பது துணியப்படவில்லை; ஏடெழுதினோர் சேர்த்தனவும் உளவாகலாம். பிள்ளைகளுக்குத் தாயாரைப்பற்றிய பாடல்களை முதலிலே சொல்லிக்கொடுக்கலாம். மற்றவை வயதுவந்தபின் தாமே படித்துத் தெளியட்டும். பாடத்திட்டம் நம்மை அவசரப்படுத்தலாம், அடிகள் அவசரப்படுத்தவில்லை.

பின்பு அடிகள் வடநாட்டுத் தலங்களை வழிபடச் சென்று உச்சயினியை அடைந்தார். நகர்ப்புறத்திலே ஒரு விநாயகர் கோயில்; அங்கே நிட்டையிலிருந்தார். கள்வர் சிலர் அப்பிள்ளையாரிடம் வந்து, அன்றிரவு களவு வாய்த்தால் ஒரு பங்கு தருவதாக நேர்ந்துகொண்டு அரண்மனையிலே புகுந்தனர். கொள்ளைப் பொருளிலே கடவுளுக்கும் பங்கு கொடுத்தாற் குற்றம் கழியும் என்னும் எண்ணம் மிகப் பழையது. பரீட்சைக்குப் படியாமல், பிள்ளையாருக்குச் சிதறுதேங்காய் நேரும் நம் மாணாக்கர் அதன் இளைய கிளையினர். களவு வாய்த்தது. ஓடும் வழியிலே ஒரு முத்துமாலையைப் பிள்ளையார்மேலே எறிந்துவிட்டுப் போனார்கள். இருளிலே அது அடிகள் கழுத்திலே விழுந்தது. தொடர்ந்துவந்த காவலர் மாலையோடு இருந்தவரைப் பிடித்தனர். அரசராகிய பத்திரகிரியார் விசாரணையின்றியே கழுவேற்றும்படி கட்டளையிட்டார். அடிகள் தம் வினைப்பயனை நினைந்து இறைவனைப் பாட, கழுமரம் தீப்பற்றி எரிந்தது. அரசர் நடுங்கி அடிபணிந்தார். நிரபராதியைக் கொல்லத் துணிந்த தம் தீர்ப்பே அவரை அரசிருக்கையினின்றும் எழுப்பிவிட்டது. நாட்டைத் துறந்து அடிகளின் பின்னே புறப்பட்டார்.

பத்திரகிரியாரை வடமொழியிலே சதகங்கள் பாடிய பர்த்ருஹரியோடு ஒருவராக்குவாரும் உளர். அப்புலவர் காலம் அடிகள் காலத்துக்குப் பல நூற்றாண்டு முற்பட்டதாகலின் அது பொருந்தாது. தமிழிலே மெய்ஞ்ஞானப் புலம்பல் பாடினவராகப் பத்திரகிரியார் போற்றப்படுகின்றார்.

இருவரும் திருவிடைமருதூர் வந்து சேர்ந்தனர். பிள்ளை கிடந்த ஊர் அது. அடிகள் அங்கே வந்ததற்கு வேறு காரணந் தேடவேண்டியதில்லை. அவர் கீழைக்கோபுரத்திலும் பத்திரகிரியார் மேலைக்கோபுரத்திலும் தங்கினர். இருவர் திருவுருவங்களும் அக்கோயில் வாயில்களிலே உள்ளன. பிச்சை கேட்டு வந்த ஒருவரிடம் அடிகள், மேலைவாயிலிலே குடும்பி ஒருவர் இருக்கின்றார், அவரிடம் கேட்கலாம் என்றனர். பத்திரகிரியாரிடம் இருந்த உடைமை ஓர் ஓடும், மிச்சில் உண்டு காவல்நின்ற ஒரு நாயுமே. அச்சொல்லைக் கேட்டதும் ஓட்டினை எறிந்தார். அது நாயின் தலையிலே பட, ஓடும் உடைந்தது, நாயும் இறந்தது. அந்த நாய் பின்பு காசியரசன் மகளாய்ப் பிறந்து வந்தது என்றும், அவளோடு பத்திரகிரியார் இறைவனிடம் சோதியிற் கலந்தார் என்றும் கதை செல்லும். மாணாக்கர் வீடுபேறு அடைய, ஆசிரியர் காத்திருக்க நேர்ந்தது.

அடிகளும் தமக்கு எப்போது என்று இறைவனை வினாவினார். ஒரு பேய்க்கரும்பு அவர் கையிலே கிடைத்தது. அதன் நுனி எவ்விடத்திலே தித்திக்கின்றதோ அவ்விடமே முத்தித்தலம் என்று அறிவிக்கப்பட்டது. கைப்பான கரும்பைச் சுமந்துகொண்டு சோழநாடும் தொண்டைநாடும் நடந்தார். தலந்தோறும் சுவைத்துப் பார்த்தார், கைத்தது. திருவொற்றியூர்க் கடற்கரையிலே தித்தித்தது. கரும்போடு நிற்கும் அவர் திருவுருவத்துக்குக் காரணம் இதுவே. இன்று சென்னையின் வடபாலுள்ள அவ்வூர் அக்காலத்திலும் பெருந்தலம். சுந்தரமூர்த்தி நாயனார் சங்கிலியாரை மணந்த இடம்.

மறுபடியும் கடற்கரை. கப்பல் வரவை நோக்கி ஒருகாலத்திலே நின்றவர், இப்போது மணலிலே சிறுவரோடு விளையாடிக்கொண்டிருந்தார். அச்சிறுவர் யாவர் என்பதிற் கதைகள் வேறுபடும். மாடுமேய்ப்போர் பிள்ளைகள் என்பர் சிலர்; மீன்பிடிப்போர் பிள்ளைகள் என்பர் சிலர். ஒருவர் பெயரும் நமக்குத் தெரியாது. அவர்கள் அவரை அடிகள் என்றும் ஞானி என்றும் அறிந்திலர். தம்மோடு விளையாடும் ஒரு கிழவர் என்றே கண்டனர். தம்மை மூடிவைக்கும்படி அவர் சொல்வார், மூடுவார்கள். மூடிய இடத்திலே திறந்து பார்த்தால் அவர் இரார். வேறோரிடத்திலிருந்து சிரித்துக்கொண்டு வருவார். பிள்ளைகளுக்கு இதனினும் சிறந்த விளையாட்டு வேறு யாது வேண்டும்? நாள்தோறும் வந்து கூடினர்.

ஒருநாள் வழக்கம்போல மூடினார்கள். மூடியது சால் என்பாரும் கூடை என்பாரும் உளர். எந்தப் பக்கத்திலிருந்து வருவார் என்று மணல்மேட்டைப் பார்த்தனர், அலைப்பக்கத்தைப் பார்த்தனர். பொழுது போயிற்று, அவர் வரவில்லை. திரும்பி வந்து, மூடியதை எல்லாருமாகத் தூக்கினர். கிழவரைக் காணவில்லை. மணலின்மேலே ஒரு சிவலிங்கம் இருந்தது. அவ்விலிங்கம் இருக்குமிடத்திலே கோயில் எழுப்பி, ஆண்டுதோறும் ஆடி உத்திராடத்திலே குருபூசை நடத்துகின்றனர்.